குழந்தை நட்சத்திரம் ஜாக்கி கூகன்

ஆறு, ஏழு வயதில் நாம் என்ன செய்துகொண்டிருந்தோம்? அரிச்சுவடி படித்தோம், மணி அடித்ததும் விளையாட ஓடினோம். அதே வயதில் உலகப் புகழும் பெருஞ்செல்வமும் ஒரு சிறுவனைத் தேடி வந்தன. புகழ் அவனிடம் சேர்ந்தது. செல்வம் எங்கே போயிற்று என்பதை இங்கே காண்போம்.

ஜாக்கி கூகன் 1914ஆம் ஆண்டு அக்டோபர் 26ஆம் நாள் அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் பிறந்தார். பெற்றோர் இருவரும் மேடைக் கலைஞர்கள். 1919இல் அந்நகரின் அரங்கு ஒன்றில் ஆடிய அப்பாலகனைச் சார்லி சாப்ளின் கண்டார். செய்து காட்டியதை அப்படியே திருப்பிச் செய்யும் அவன் திறமையில் மனம் பறிகொடுத்தார்.

1921இல் 'தி கிட்' என்ற ஊமைப்படம் வெளிவந்தது. அதில் சிறுவன் கல்லெறிந்து சன்னல் கண்ணாடிகளை உடைப்பான். பின்னாலேயே வந்து புதுக் கண்ணாடி பொருத்திக் காசு பெறுவார் வளர்ப்புத் தந்தையான சாப்ளின். இந்தக் குறும்பைக் கண்டு சிரித்தவர்களே, அநாதை விடுதிக்குச் செல்லும் வண்டியில் அவன் கைநீட்டிக் கதறும் காட்சியில் கண்ணீர் வடித்தனர். 1922இல் 'ஆலிவர் ட்விஸ்ட்' வந்தது. 1923இல் மெட்ரோ நிறுவனம் பெருந்தொகைக்கு ஒப்பந்தம் செய்தது. அவன் உருவப் பொம்மைகள் கடைகளில் விற்பனையாயின.

1924இல் ஜாக்கி ஒரு நற்பணியில் ஈடுபட்டான். போரினாலும் படுகொலையினாலும் பெற்றோரை இழந்து பசியால் வாடிய ஆர்மீனிய, கிரேக்கக் குழந்தைகளுக்காக அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் பயணம் செய்து, உணவும் உடையும் திரட்ட உதவினான். உரோமையில் பாப்பரசர் 11ஆம் பத்திநாதரைக் காணும் பேறும் பெற்றான்.

ஆண்டுகள் ஓடின. 1935 மே மாதம் கார் விபத்தில் தந்தை உயிரிழந்தார். அதில் பயணம் செய்தவர்களுள் ஜாக்கி மட்டுமே உயிர் பிழைத்தார். தாய், குடும்பத்தின் பணவிவகாரங்களைக் கவனித்து வந்தவரை மறுமணம் செய்துகொண்டார். 21 வயது நிறைந்த ஜாக்கி தம் சம்பாத்தியத்தைக் கேட்டபோது, அது அவருடையதன்று என்ற பதிலே கிடைத்தது. குழந்தையின் வருமானம் பெற்றோருக்கே உரியது என்பதுதான் அந்நாளைய கலிபோர்னியச் சட்டம்!

1938இல் பெற்ற தாய்மீதும் மாற்றாந்தந்தைமீதும் வழக்குத் தொடுக்க நேர்ந்தது. எந்தப் பிள்ளைக்கும் வரக்கூடாத நிலை அது. அவர் ஈட்டியது 30 முதல் 40 இலட்சம் டாலர் என மதிப்பிடப்பட்டது. வழக்கின் முடிவில் கைக்கு வந்தது ஏறத்தாழ 1,26,000 டாலர்தான்.

ஆனால் அந்த வழக்கு வீண்போகவில்லை. மக்கள் கொதித்தெழவே, 1939இல் கலிபோர்னியாவில் குழந்தை நடிகர்களின் வருமானத்தில் ஒரு பகுதியைப் பாதுகாக்கச் சட்டம் பிறந்தது. அதற்குக் 'கூகன் சட்டம்' என்றே பெயர் வழங்கலாயிற்று. அதிலிருந்த ஓட்டைகள் பின்னர் அடைக்கப்பட்டன. 2000ஆம் ஆண்டு முதல், வருமானம் குழந்தைக்கே சொந்தம் என்பதும், அதில் நூற்றுக்கு 15 பங்கு தனிக் கணக்கில் சேரவேண்டும் என்பதும் சட்டமாயின.

ஜாக்கி துவண்டுவிடவில்லை. 1941இல் படையில் சேர்ந்தார். 1944 மார்ச்சில் இந்தியாவின் வடகிழக்கு எல்லையிலிருந்து பர்மாவுக்குள், எதிரிப்படைகளுக்குப் பின்புறம், இயந்திரமில்லா மிதவை விமானத்தில் வீரர்களைக் கொண்டுசேர்த்தார். 1964 முதல் 1966 வரை 'ஆடம்ஸ் ஃபேமிலி' தொலைக்காட்சித் தொடரில் மொட்டைத்தலை ஃபெஸ்டராக வந்து, புதிய தலைமுறைக் குழந்தைகளைச் சிரிக்க வைத்தார். 1984 மார்ச் 1ஆம் நாள், தமது 69ஆம் வயதில் மறைந்தார்.

தோழியரே, ஜாக்கி இழந்த செல்வம் அவருக்குத் திரும்பவில்லை. எனினும், பின்வந்த குழந்தைகளின் உழைப்புக்கு அந்த இழப்பே வேலியாயிற்று. திரையில் ஒரு மழலை நடிப்பைக் கண்டு கைதட்டும்போது, அதுவும் ஓர் உழைப்பே என்பதை நாமும் நம் பெற்றோரும் நினைவில் கொள்வோமாக.