எட்வர்டு ஜென்னர்

தடுப்பூசி போட்டதற்கு அத்தாட்சி காட்டாத குழந்தையைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கலாகாது என்று சர்க்கார் நிர்ப்பந்திப்பது நியாயமா என்ற வாதம் பல தேசங்களில் இன்னும் ஓய்ந்தபாடில்லை. அவ்வாதத்திற்கு மூலகாரணரான வைத்தியர் ஒருவருடைய சரித்திரத்தை நமது நேயர்கள் அறிதல் நலமெனக் கருதி இங்கு எழுதத் துணிந்தோம்.

எட்வர்டு ஜென்னர் 1749-ம் வருஷம் மே மாதம் 17-ந் தேதி இங்கிலாந்தில் கிளாஸ்டர்ஷயரைச் சேர்ந்த பெர்க்லி என்னும் சிற்றூரில், பாதிரியார் ஒருவரின் புதல்வராய்ப் பிறந்தார். ஐந்து வயதிலேயே தாய் தந்தையரை இழந்து தமையனாரால் வளர்க்கப்பட்டார். எட்டு வயதில், பள்ளியில் படித்து வந்தபோது, அவருக்கு வைசூரிச் சீழையே தோலில் குத்தினார்கள். இம்முறை ஐரோப்பியர் கண்டுபிடித்ததன்று, கீழ்நாடுகளில் வழங்கியது. நம் வங்காளத்தில் டீகாதார்கள் பரம்பரையாகச் செய்து வந்தது. இங்கிலாந்துக்கு 1721-ல் கான்ஸ்டாண்டிநோபிளிலிருந்து சென்றது. ஆயின் அந்நாட்டு வைத்தியர்கள் அதனோடு தங்கள் விபரீத சிகிச்சையையும் சேர்த்தனர். சிறுவனுக்குப் பல நாள் இரத்தம் வாங்கி, பட்டினி போட்டு, மற்றப் பிள்ளைகளுடன் ஒரு லாயத்தில் அடைத்து வைத்தார்கள். அந்த லாயத்தை ஜென்னர் ஆயுள் முழுதும் மறக்கவில்லை.

1770-ல் லண்டன் சென்று ஜான் ஹண்டர் என்னும் பேராசிரியரிடம் பயின்றார். பட்டணத்துப் புகழை விரும்பாது சொந்த ஊருக்கே திரும்பி வைத்தியம் பார்த்தார். குயிற்குஞ்சு பிற பறவையின் கூட்டிலுள்ள முட்டைகளைத் தானே வெளியே தள்ளுவதைக் கண்டெழுதியமைக்காக 1789-ல் ராயல் சங்கத்தில் அங்கத்தினரானார்.

மாடு கறக்கும் பெண்களுக்குப் பசு அம்மை வந்துவிட்டால் பின்பு வைசூரி வருவதில்லை என்பது அப்பக்கத்துக் குடியானவர்கள் அறிந்த செய்தியே. ஜெஸ்டி என்னும் விவசாயி 1774-லேயே தம் மனைவிக்கும் மக்களுக்கும் பசு அம்மையைக் குத்தியதுண்டு. கிராமத்தார் சொல்லைப் படித்தவர்கள் நகைத்துத் தள்ளியிருக்க, ஜென்னர் அதனைச் சோதித்து நிலைநாட்டினார். அவர் பெருமை அதுவே. 1796-ம் வருஷம் மே 14-ந் தேதி, பால் கறக்கும் பெண்ணொருத்தியின் கைக் கொப்புளத்திலிருந்து எடுத்து, தம்மிடம் வேலை செய்த ஏழையின் மகனான ஜேம்ஸ் பிப்ஸ் என்னும் எட்டு வயதுச் சிறுவனுக்குக் குத்தினார். ஜூலை மாதத்தில் அவனுக்கே வைசூரிச் சீழையும் குத்திப் பார்த்தார். நோய் காணவில்லை. ஏழைப் பிள்ளையின் உடலில் இத்தகைய சோதனை செய்வதை இக்காலத்தில் எவரும் ஒப்பார்; நாமும் ஒப்போம். பின்னாளில் ஜென்னர் அவனுக்கு வாடகையில்லாத குடிசையொன்று தந்தார் என்பதையும் சொல்லிவிடுகிறோம்.

ராயல் சங்கம் அவர் எழுதியனுப்பியதை ஏற்கவில்லை. 1798-ல் தம் செலவிலேயே நூலை வெளியிட்டார். பசு அம்மை குத்திக்கொண்டவர்களுக்குக் கொம்பு முளைப்பதாகப் பரிகாசச் சித்திரம் எழுதினார்கள். எனினும் நான்கே வருஷங்களில், கைக்குக் கை மாற்றிக் குத்தப்பட்டு, பாக்தாத், பஸரா வழியாக அம்மைப்பால் பம்பாய் வந்து சேர்ந்தது. 1802 ஜூனில் அங்கு மூன்று வயதுக் குழந்தையொன்று முதலில் குத்தப்பெற்றது. பார்லிமெண்டு அவருக்கு 1802-ல் 10,000 பவுனும், 1807-ல் 20,000 பவுனும் அளித்தது. தோட்டத்திலிருந்த சிறு குடிலொன்றில் ஏழைகளுக்கு அவர் கூலியின்றிக் குத்தி வந்தார். மூத்த மகனையும் மனைவியையும் இழந்து, 1823 ஜனவரி 26-ல் காலமானார்.

நிர்ப்பந்தம் அவருக்குப் பின் வந்தது. இங்கிலாந்தில் 1853-ல் குழந்தைகளுக்கு அம்மை குத்துவது கட்டாயமாயிற்று. பின்பு மறுத்தோர் அபராதமும் சிறையும் கண்டனர். 1885-ல் லெஸ்டர் நகரில் ஆயிரக்கணக்கான தொழிலாளர் ஊர்வலம் நடத்தி ஜென்னரின் உருவப்பொம்மையைத் தூக்கிலிட்டார்கள். 1898-ல் மனச்சாட்சியின்படி மறுப்போருக்கு விலக்கு அளிக்கப்பட்டது. அமெரிக்காவிலோ வேறு வழி பிறந்தது: மாஸசூஸெட்ஸ் ராஜ்யம் 1855-ல் அம்மை குத்தாத பிள்ளைக்குப் பள்ளியில் இடமில்லை என்றது. இவ்வாறு விலக்குவது செல்லுமென்று 1922-ல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

காந்தியடிகளும் அம்மை குத்துதலை ஒப்பவில்லை என்பது நேயர்கள் அறிந்ததே. அவரிடத்து நமக்குள்ள பக்தி குறைவற்றதாயினும், இவ்வொரு விஷயத்தில் அவரைப் பின்பற்ற நம்மால் இயலவில்லை. தன் உடல் தன்னுடையதென்பது மெய்யே. ஆயின் ஒரே பலகையில் அடுத்து உட்காரும் பிள்ளையின் உடல் யாருடையது? நிர்ப்பந்தத்தைச் சந்தேகிக்கும் உரிமையும் நமக்குண்டு. ஊசி எட்டாத சேரிக் குழந்தையைச் சீட்டு இல்லையென்று வாசலில் தடுத்தால், தண்டனை பெறுவது பெற்றோரின் பிடிவாதமன்று, அக்குழந்தையின் படிப்பே. சீட்டுக் கேட்கும் சர்க்கார் முதலில் ஊசியைத் தெருவுக்குக் கொண்டுவருதல் வேண்டும்.

இயற்கையாய் வந்த கடைசி வைசூரி 1977-ல் ஸோமாலியாவில் கண்டது. 1980-ல் அந்நோய் உலகில் ஒழிந்ததென உலக சுகாதார ஸ்தாபனம் அறிவித்தது. அதற்கு முன்னரே, 1948-ல், ஜென்னரின் நாடு தன் கட்டாயச் சட்டத்தை எடுத்துவிட்டிருந்தது. பெர்க்லியில் அவர் ஏழைகளுக்குக் குத்திய குடில் இன்னும் இருக்கிறது.