கார்டன் ஜாக்சன்

நாடக அரங்கில் அரசனாகத் தோன்றுவோனையே யாவரும் நோக்குவர்; அவனருகிற் கைகட்டி நிற்கும் ஏவலாளனை நோக்குவார் மிகச் சிலரே. அத்தகைய ஏவலாளன் வேடம் பூண்டே பெரும்புகழ் எய்திய ஸ்காட்லாந்து நடிகர் ஒருவரின் வரலாற்றை ஈண்டுச் சுருங்கக் காண்போம்.

கார்டன் ஜாக்சன் 1923-ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 19-ஆம் நாள் கிளாஸ்கோ நகரிற் பிறந்தார். பதினைந்தாம் வயதிற் பள்ளியை விட்டு, ரோல்ஸ் ராய்ஸ் தொழிற்சாலையில் இயந்திரப் படம் வரையும் வேலையில் அமர்ந்தார். இளமையிலேயே வானொலியிற் பேசிப் பழகியவராதலின், போர்க்காலத்தில் ஸ்காட்லாந்து இளைஞன் ஒருவனைத் தேடிய ஈலிங் படக்கம்பெனியார் இவரை அழைத்தனர். 1942-இல் வெளிவந்த ‘தி ஃபோர்மன் வென்ட் டு பிரான்ஸ்’ இவரது முதற்படம். அதன் பின்னரும் தொழிற்சாலைக்கே மீண்ட இவர், நாளடைவில் நடிப்பையே தொழிலாகக் கொண்டார். 1951-இல் ரோனா ஆண்டர்சன் என்னும் நடிகையாரை மணந்தார்.

இவர்க்கு வாய்த்தவை பெரும்பாலும் துணை வேடங்களே. 1949-இல் வெளிவந்த ‘விஸ்கி கலோர்’ படத்தில் அன்னைக்கு அஞ்சி ஒடுங்கும் பள்ளியாசிரியராக வந்தார். 1963-இல் வெளிவந்த ‘தி கிரேட் எஸ்கேப்’ படத்தில் ஜெர்மானியச் சிறையினின்று தப்பியோடும் வீரருள் ஒருவரானார். பகைவர் ஆங்கிலத்திற் பேசி ஏமாற்றுவர் என்று தோழரை எச்சரித்துப் பயிற்றிய அவரே, பேருந்தில் ஏறுங்கால் காவலன் ஆங்கிலத்தில் வாழ்த்த, தம்மை மறந்து அம்மொழியிலேயே நன்றி கூறி அகப்படுகின்றார். கண்ணிமைப்பொழுதில் நிகழும் அக்காட்சியைக் கண்டோர் எளிதின் மறவார்.

1971 முதல் 1975 வரை நடைபெற்ற ‘அப்ஸ்டேர்ஸ், டவுன்ஸ்டேர்ஸ்’ என்னும் தொலைக்காட்சித் தொடரே இவரை உலகறியச் செய்தது. லண்டன் நகரத்துச் செல்வர் மாளிகையில், மாடியில் வாழும் எசமானர் குடும்பத்தையும் கீழ்த்தளத்திலுள்ள பணியாளரையும் ஒருங்கே காட்டும் கதை அது. அதில் ஹட்சன் என்னும் பட்லராக விளங்கினார். எசமானர்முன் பணிவும், பணியாளர்பாற் கண்டிப்பும், ஊழியம் புரிவோனுக்கும் மானம் உண்டென்னும் உறுதியும் அவர் நடிப்பில் ஒருங்கே பொலிந்தன. 1976-இல் அமெரிக்க நாட்டு எம்மி விருதும் கிடைத்தது.

பட்லர் வேடத்திற்கே உரியர் என்று உலகம் முத்திரையிடத்தக்க வேளையில், 1977-இல் தொடங்கிய ‘தி புரொஃபெஷனல்ஸ்’ தொடரில் இரகசியப் படையின் தலைவராகத் தோன்றினார். ஏவல் கேட்டவர் ஏவுவோராயினார். அதனையும் மக்கள் உவந்தேற்றனர். 1979-இல் பிரிட்டிஷ் அரசு ஓ.பி.ஈ. விருதளித்துச் சிறப்பித்தது. 1990-ஆம் ஆண்டு ஜனவரித் திங்கள் 15-ஆம் நாள் லண்டனிற் காலமானார்.

முதலிடம் கிட்டவில்லையே என்று வருந்தி வாளாவிருப்பார் நம்மிற் பலர். கிடைத்த இடம் சிறிதாயினும் அதனை முற்றும் நிரப்பி நின்றார் ஜாக்சன். அவ்வகையில் அவர் வாழ்வு நம்மனோர்க்கு நல்லதொரு பாடமாகும்.