நகரை நூலாக்கியவர்

நுழையும்முன்

ஒரு மாநகரைப் பற்றிய செய்திகளையெல்லாம் ஒரு நூலில் தொகுக்க முற்படுவோர் முதலில் எதிர்கொள்ளும் வினா, எதைச் சேர்ப்பது, எதை விடுப்பது என்பதே. அரண்மனைக்கு எத்தனை பக்கம்? தெருமுனைக் கிணற்றுக்கு எத்தனை வரி? செல்வரின் கல்லறைக்கு இடமுண்டு எனில், நோயில் படுத்த ஏழையின் குடிலுக்கும் இடமுண்டா? நானூறு ஆண்டுகளுக்கு முன்னர் இலண்டன் மாநகரில் இவ்வினாக்களுக்குத் தம் உழைப்பால் விடை தேடியவர் ஜான் ஸ்டோ. பட்டமோ பதவியோ இல்லாத அத்தையற்கலைஞரின் வாழ்க்கையை இப்பாடம் எடுத்துரைக்கிறது.

இளமையும் தொழிலும்

ஜான் ஸ்டோ 1525ஆம் ஆண்டளவில் இலண்டன் நகரின் கார்ன்ஹில் பகுதியில் பிறந்தார். தந்தை தாமஸ் ஸ்டோ, விலங்குக் கொழுப்பால் மெழுகுவத்தி செய்து விற்றவர். பாட்டனாரின் தொழிலும் அதுவே. ஜான் ஸ்டோ தையல்தொழில் பயின்றார். 1547ஆம் ஆண்டில் அந்நகரின் தையற்கலைஞர் பெருங்குழுவில் உறுப்பினரானார். பல்கலைக்கழகக் கல்வி அவருக்கு வாய்க்கவில்லை. நகரமே அவருக்குக் கல்விச்சாலையாக அமைந்தது.

சிறுவனாக இருந்தபோது நகரின் கிழக்குமதிலுக்கு வெளியே கன்னியர் மடத்துக்குரிய பண்ணைக்குச் சென்று பால் வாங்கி வருவது அவருடைய வேலை. அரைப் பென்னிக்குக் கோடைக்காலத்தில் எவ்வளவு பால் கிடைத்தது, குளிர்காலத்தில் அது எவ்வளவாகக் குறைந்தது என்பதை முதுமையிலும் அவர் நினைவில் வைத்திருந்தார். கறந்த சூடு மாறாத பாலைப் பற்றிய அச்செய்தி, பின்னாளில் அவருடைய நூலில் இடம்பெற்றது. மடம் மறைந்துவிட்டது, பண்ணையும் மாறிவிட்டது, பாலின் விலைமட்டும் நூலில் நின்றுவிட்டது.

இளமையில் கண்ட வேறு சில காட்சிகள் கொடியவை. 1549ஆம் ஆண்டில், ஆட்சிக்கு எதிரான கிளர்ச்சியைப் பற்றிப் பேசியதாகக் குற்றஞ்சாட்டப்பட்ட ரோம்போர்டு ஊர் அலுவலர் ஒருவர், ஸ்டோவின் வீட்டு வாயிலில் தூக்கிலிடப்பட்டார். அம்மனிதர் இறுதியாகக் கூறியவற்றை ஸ்டோ தம் செவியால் கேட்டார். நாட்டு வரலாற்றில் ஒரு வரிகூடப் பெற வாய்ப்பில்லாத அந்நிகழ்வைக் கண்டவராகவும் கேட்டவராகவும் நின்று அவர் பதிவுசெய்தார்.

ஏடு தேடிய பயணம்

ஸ்டோ வளர்ந்த காலம் இங்கிலாந்தில் பெரும் மாற்றம் நிகழ்ந்த காலம். மன்னர் எட்டாம் ஹென்றி துறவியர் மடங்களைக் கலைத்தார். மடங்களோடு அவற்றின் நூலகங்களும் சிதைந்தன. பல நூற்றாண்டுகளாகக் காக்கப்பட்ட கையெழுத்துப் படிகள் நாற்புறமும் சிதறின. அவற்றுள் இயன்றவற்றைத் தேடித் திரட்டுவதில் ஸ்டோ தம் பொருளையும் பொழுதையும் செலவிட்டார். நாளடைவில் தையல்தொழில் பின்தங்கியது. ஏடு தேடுவதே வாழ்க்கையாயிற்று. குதிரை ஏறிச் செல்லும் வழக்கம் அவருக்கில்லை. பழைய ஆவணங்களைக் காணத் தொலைவிலுள்ள தேவாலயங்களுக்கும் நடந்தே சென்றார்.

1561ஆம் ஆண்டில் கவிஞர் சாசரின் படைப்புகளைப் பதிப்பித்தார். 1565இல் இங்கிலாந்து வரலாற்றுச் சுருக்கம் ஒன்றை வெளியிட்டார். 1569இல் அவருடைய நூலகம் ஆட்சியாளரின் ஐயத்துக்கு உள்ளாயிற்று. அரசு ஏற்காத சமயக் கருத்துடைய நூல்கள் அங்கே உள்ளனவா என அறிய வீடு சோதனையிடப்பட்டது. பழைய நூல்களைக் காப்பதே துணிவு வேண்டிய செயலாக இருந்த காலம் அது.

நாட்டின் பகுதிகளைப் பற்றித் தனித்தனி நூல்கள் தோன்றத் தொடங்கிய காலமும் அதுவே. கென்ட் மாவட்டத்தைப் பற்றி வில்லியம் லாம்பார்டு எழுதிய நூல் 1576இல் வெளிவந்தது. அது ஸ்டோவுக்கு வழிகாட்டியது. தாம் பிறந்து வளர்ந்த நகரைத் தாமே எழுத வேண்டும் என அவர் உறுதிபூண்டார். அவ்வுறுதியின் பயனாக, இலண்டன் நகரின் முழுவிவர நூல் 1598இல் வெளிவந்தது. அப்போது அவருக்கு எழுபது வயது கடந்திருந்தது. திருத்திய பதிப்பு 1603இல் வந்தது.

நடந்து கண்ட நகரம்

ஸ்டோவின் நூல் நகரமதில், வாயில்கள், பாலங்கள், நீர்நிலைகள், பள்ளிகள், விழாக்கள் ஆகிய பொதுச்செய்திகளோடு தொடங்குகிறது. பின்னர் நகரின் 26 வட்டாரங்களை ஒவ்வொன்றாக எடுத்துக்கொள்கிறது. செல்வமும் அதிகாரமும் மிக்க பகுதி முதலில் வரவில்லை. கிழக்குமதிலுக்கு வெளியேயுள்ள போர்ட்சோக்கன் வட்டாரத்திலிருந்து தொடங்கி, நடந்து செல்பவரின் வழியே நூல் மேற்கு நோக்கி நகர்கிறது. ஒவ்வொரு வட்டாரத்திலும் எல்லை, தெருக்கள், சந்துகள், தேவாலயங்கள், கல்லறைகள், தரும இல்லங்கள் ஆகியவை இடம்பெறுகின்றன. முடிவில் அவ்வட்டாரத்தின் நிருவாகப் பொறுப்பாளர் எண்ணிக்கையும் வரித்தொகையும் தரப்படுகின்றன.

இவ்வமைப்பு ஓர் அறத்தை உள்ளடக்கியது. எல்லா வட்டாரத்துக்கும் ஒரே அளவுகோல் வைக்கப்பட்டமையால், எளியோர் வாழும் பகுதியும் நூலிலிருந்து விடுபட வழியில்லாமற் போயிற்று. பெரிய பகுதி பல பக்கம் பெறலாம். சிறிய பகுதி சில பக்கம் பெறலாம். ஆனால், இடமே பெறாத பகுதி என ஒன்று இல்லை.

எது முதன்மையானது?

நகருக்கு எது முதன்மையானது என்பதை ஸ்டோ அதன் பெருமையைக் கொண்டு மட்டும் அளக்கவில்லை. மக்கள் வாழ்வோடு அதற்குள்ள தொடர்பையும் அவர் எண்ணிப்பார்த்தார். ஹவுண்ட்ஸ்டிச் என்னும் தெருவைப் பற்றி அவர் எழுதியுள்ளவை இதற்குச் சான்று. அங்கே ஒருகாலத்தில் சிறுகுடில்கள் இருந்தன. நோயுற்றுப் படுக்கையை விட்டெழ இயலாத ஏழைகள் அவற்றில் வாழ்ந்தனர். தெருவை நோக்கிய தாழ்ந்த சன்னலில் தூய வெண்துணியும் செபமாலையும் வைக்கப்பட்டிருக்கும். உள்ளே உதவி வேண்டிக் கிடப்பவர் ஒருவர் உள்ளார் என்பதற்கு அதுவே அடையாளம். வெள்ளிக்கிழமைகளில் அறவோர் அவ்வழியே நடந்து சென்று பொருளுதவி செய்வர். ஸ்டோ முதுமையடைந்த காலத்தில் அக்குடில்கள் இல்லை. பழந்துணி விற்போர் அங்கே கடைவைத்திருந்தனர். அந்தச் சன்னலைக் கண்டோர் மறைந்தால் செய்தியும் மறைந்துவிடும். ஆகவே, எழுதப்படாவிடில் அழிந்துவிடும் என்பதும் ஒரு செய்தியின் மதிப்பை உயர்த்தும் காரணமாயிற்று.

இருமருங்கும் எல்ம் மரவேலி சூழ்ந்த ஹாக் லேன் என்னும் பாதை, நாற்பது ஆண்டுகளுக்குள் கட்டடங்கள் நிறைந்த இடமாக மாறியதையும் அவர் குறித்துவைத்தார். வயல்வெளியில் காற்று வாங்கி மகிழ்ந்த மக்கள் அவ்வுரிமையை இழந்தனர் என்பதே அவருடைய வருத்தம்.

கதையும் சான்றும்

ஊரார் நெடுங்காலம் நம்பிவரும் கதை என்பதற்காகவே ஒன்றை ஸ்டோ ஏற்றுக்கொள்ளவில்லை. பேசிங் லேன் தெருவில் ஜெரார்டு மண்டபம் என்னும் பழங்கட்டடம் இருந்தது. அங்கே கூரையைத் தொடும் நீண்ட மரக்கழி ஒன்று நின்றது. ஜெரார்டு என்னும் அரக்கன் போரில் ஏந்திய கோல் அது என்று மக்கள் கூறினர். ஸ்டோ நேரில் சென்று அக்கழியைப் பார்த்தார், அளந்தார், பின்னர்ப் பழைய ஆவணங்களைப் புரட்டினார். அவ்வீடு, நகர மேயராக விளங்கிய ஜான் ஜைசர்ஸ் என்பவரின் குடும்பத்துக்கு உரியது என்பதும், ஜைசர்ஸ் மண்டபம் என்ற பெயரே நாளடைவில் ஜெரார்டு மண்டபம் எனத் திரிந்தது என்பதும் தெரியவந்தன. ஆனாலும், அரக்கன் கதையை அவர் நூலிலிருந்து நீக்கிவிடவில்லை. மக்கள் சொன்னதையும் ஆவணம் காட்டியதையும் அடுத்தடுத்து வைத்து, எது உண்மை என்பதை விளக்கினார்.

நடுவுநிலையும் சாய்வும்

ஸ்டோவின் நடுவுநிலைக்குத் தாமஸ் குரோம்வெல் பற்றிய குறிப்புகள் தக்க சான்றாகும். மன்னர் எட்டாம் ஹென்றியின் அமைச்சராகிய குரோம்வெல், தம் மாளிகையை விரிவாக்கியபோது அண்டையிலிருந்த தோட்டங்களின் வேலிகளைப் பெயர்த்து 22 அடி உள்ளே தள்ளினார். ஸ்டோவின் தந்தையுடைய தோட்டமும் அவற்றுள் ஒன்று. அத்தோட்டத்தை ஒட்டி நின்ற ஒரு சிறுவீடு உருளைகளின்மேல் ஏற்றப்பட்டு உள்ளே நகர்த்தப்பட்டது. முன்னறிவிப்பும் இல்லை, இழப்பீடும் இல்லை. எஞ்சிய பாதி நிலத்துக்கு முழு வாடகையையே தந்தை செலுத்த நேர்ந்தது. இந்தக் கொடுமையை ஸ்டோ நூலில் எழுதினார். அதே குரோம்வெல்லின் வாயிலில் நாள்தோறும் இருவேளை இருநூறுக்கும் மேற்பட்ட ஏழைகள் உணவு பெற்றதைத் தாம் கண்டதாகவும் அதே நூலில் எழுதினார். தம் குடும்பத்துக்கு இழைக்கப்பட்ட தீங்கு, ஒருவர் செய்த நன்மையை மறைக்கும் திரையாக அவர் இடந்தரவில்லை.

எனினும், அவரிடம் சாய்வே இல்லை என்று கூறவியலாது. கடந்தகாலத்தின்மீது அவர் கொண்ட பற்று, நிகழ்காலத்தின்மீது செல்லவேண்டிய பார்வையைச் சில இடங்களில் மறைத்தது. 1598ஆம் ஆண்டுப் பதிப்பில் பெயர் சுட்டப்பட்ட தியேட்டர், கர்ட்டன் என்னும் இரு நாடக அரங்குகள் 1603ஆம் ஆண்டுப் பதிப்பில் பெயரிழந்தன. அக்காலத்தில் அதே நகரில் நாடகம் இயற்றி வந்த சேக்சுபியரின் பெயருக்கு அந்நூலில் இடமில்லை. புதிய கல்லறைகள் சிலவற்றையும் அவர் வேண்டுமென்றே விடுத்தார். பிறர் நினைவுச்சின்னங்களைச் சிதைத்தவர்களுக்கு நினைவுகூரப்படும் தகுதி இல்லை என்பது அவர் கருத்து என, அவருக்குப் பின் அந்நூலை விரிவாக்கிய ஆன்டனி மண்டே தெரிவிக்கிறார். அச்சினம் இயல்பானதே. ஆனால், தண்டனையாக விடுக்கப்பட்ட பெயர் பின்வரும் ஆய்வாளருக்கும் கிடைக்காமற் போய்விடுகிறது. தொகுப்பாளரின் விருப்பும் வெறுப்பும் ஒரு நகரின் நினைவையே குறைத்துவிடக்கூடும் என்பதை ஸ்டோவின் நூலிலிருந்தே நாம் அறிகிறோம்.

வறுமையில் செம்மை

நகருக்கு நினைவைத் தந்தவருக்கு நகரம் செல்வத்தைத் தரவில்லை. பல ஆண்டுகள் உழைத்து எழுதிய நகர நூலுக்காக அவர் பெற்றவை மூன்று பவுன் பணமும் 40 படிகளுமே. தையற்கலைஞர் குழு வழங்கிய சிறிய ஆண்டுத்தொகை அவருக்குத் துணைநின்றது. 1604ஆம் ஆண்டில் மன்னர் முதலாம் ஜேம்சு, பொதுமக்களிடம் உதவி திரட்டிக்கொள்ள அவருக்கு உரிமைமடல் அளித்தார். ஏறத்தாழ எண்பது வயதுடைய அறிஞருக்குக் கிடைத்த அரசச் சிறப்பு, பிச்சை ஏற்பதற்கான இசைவே! அதனாலும் பெருந்தொகை சேரவில்லை. ஆயினும், அவர் தளரவில்லை. நாடக ஆசிரியர் பென் ஜான்சனோடு நடந்து சென்றபோது எதிர்ப்பட்ட இரு ஊனமுற்ற இரவலரிடம், தம்மையும் அவர்கள் குழுவில் சேர்த்துக்கொள்ள என்ன வேண்டும் என்று நகைச்சுவையாகக் கேட்டவர் அவர்.

1605ஆம் ஆண்டு ஏப்ரல் 5ஆம் நாள் ஸ்டோ மறைந்தார். புனித ஆண்ட்ரூ அண்டர்சாப்ட் தேவாலயத்தில் அடக்கம் செய்யப்பட்டார். மனைவி எலிசபெத் அங்கு அவருக்குச் சிலை எழுப்பினார். மேசைமுன் அமர்ந்து எழுதும் கோலத்தில் அச்சிலை அமைந்துள்ளது. அத்தேவாலயத்தின் பெயருக்கே ஒரு வரலாறு உண்டு. வேனில் விழாவின்போது அதன் கோபுரத்தினும் உயர்ந்த கம்பம் ஒன்று அங்கே நடப்படும். அக்கம்பத்தை உருவவழிபாட்டுப் பொருள் எனச் சமயப்போதகர் ஒருவர் 1549இல் பழித்துரைக்க, மக்கள் அதனைத் துண்டுதுண்டாக அறுத்து எரித்தனர். கம்பம் நின்ற கதையையும் எரிந்த கதையையும் நமக்குக் கூறுவது ஸ்டோவின் நூலே.

தீயில் அழியாதது

1666ஆம் ஆண்டு செப்டம்பர் மாதத்தில் இலண்டனில் பெருந்தீ பரவியது. 13,200 வீடுகளும் 87 தேவாலயங்களும் எரிந்தன. ஸ்டோ நடந்த தெருக்கள் பல உருத்தெரியாமல் அழிந்தன. அவர் உறங்கும் தேவாலயம் தப்பியது. அவருடைய நூலும் தப்பியது. தீக்கு முந்தைய இலண்டனை அறிய விரும்புவோர் இன்றும் முதலில் நாடுவது அந்நூலையே. மண்டேக்குப் பின்னர் 1720இல் ஜான் ஸ்டிரைப் அதனை இரு பெருந்தொகுதிகளாக விரித்தெழுதினார். ஒருவர் விட்டதை மற்றொருவர் நிரப்ப, நகரின் நினைவு தலைமுறைதோறும் வளர்ந்தது.

ஸ்டோ வகுத்த முறை இன்றைய தொகுப்பாளர்க்கும் பொருந்துவது. மக்கள் வாழ்வோடு கொண்ட தொடர்பு, மறைந்துவிடும் என்னும் அச்சம், சான்றின் உறுதி ஆகியவற்றைக் கொண்டு ஊர்ச்செய்தியின் மதிப்பை அவர் அறிந்தார். அவர் தவறவிட்டவை, தம் காலத்தையும் அதே கவனத்தோடு நோக்க வேண்டும் என்பதை நமக்கு உணர்த்துகின்றன. ஸ்டோவின் சிலையின் கையில் உண்மையான இறகுப்பேனா வைக்கப்பட்டுள்ளது. குறித்த ஆண்டுகளுக்கு ஒருமுறை நடைபெறும் விழாவில் பழைய இறகை அகற்றிப் புதிய இறகை வைப்பதை இலண்டன் மாநகரம் இன்றும் வழக்கமாகக் கொண்டுள்ளது.