மொஸார்ட்டுக்குப் பின் கொன்ஸ்டன்ஸ்

மொஸார்ட்டின் இசையைப் பற்றி எழுதியோர் ஏராளம். அவர் கண்மூடிய பின் அந்த வீட்டில் எஞ்சியிருந்தவரைப் பற்றியே நான் எழுத விரும்புகிறேன்.

கொன்ஸ்டன்ஸ் 1762இல் பிறந்தவர். பாட்டுக் குடும்பம், அவரும் நன்றாகப் பாடுவார். 1782இல் வியன்னாவில் மொஸார்ட்டை மணந்தார். ஒன்பது வருட இல்வாழ்வில் ஆறு பிள்ளைகள். நால்வர் குழந்தைகளாகவே இறந்துபோயினர். 1791 டிசெம்பர் 5ஆம் திகதி, இரண்டு வாரமே நோயுற்றுக் கிடந்த கணவரும் போய்விட்டார். அவருக்கு வயது 35, கொன்ஸ்டன்ஸுக்கு 29. மூத்த மகனுக்கு ஏழு வயது, இளையவன் நான்கு மாதக் கைக்குழந்தை. வீட்டில் பணத்தைவிடக் கடனே கூடுதலாக இருந்தது.

அழுது முடிக்கக்கூட அவகாசமில்லை. ஆறாம் நாளே பேரரசருக்கு மனு எழுதினார். கணவரின் சேவைக்காலம் குறைவானதால் ஓய்வூதியத்துக்குச் சட்டப்படி உரிமை இருக்கவில்லை. ஆயினும் கருணையின் பேரில், கணவரின் 800 புளோரின் சம்பளத்தில் மூன்றிலொரு பங்கு கிடைத்தது. பாதியில் நின்ற 'ரெக்வியம்' என்ற இசைப்படைப்பை மாணவர் சூஸ்மயரைக் கொண்டு முடிப்பித்தார். 1795இல் அக்கா அலோய்சியாவுடன் ஜேர்மன் நகரங்களுக்குப் போய், கணவரின் பாடல்களை மேடையில் தாமே பாடினார். அந்தப் பாடல்களைப் பாடும்போது அவர் மனம் என்ன பாடுபட்டிருக்கும் என்று நான் பலமுறை யோசித்ததுண்டு.

இவரை அக்கறையில்லாத மனைவி என்று சிலர் எழுதி வைத்திருக்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. கணவரின் கையெழுத்துப் பிரதிகளைப் பாதுகாத்து, 1799இல் பெருந்தொகுதியாகப் பதிப்பாளர் அந்திரேயிடம் கையளித்தவர் அவர்தான்.

அந்தப் பதிப்பாளர் கடிதங்களை எழுத உதவியவர், அவர் வீட்டில் வாடகைக்குக் குடியிருந்த டென்மார்க் இராஜதந்திரி நிஸ்ஸன். அமைதியான மனிதர். இருவரும் 1809இல் மணந்து கொண்டார்கள். கொபன்ஹேகனில் சில ஆண்டுகள் வாழ்ந்த பின், மொஸார்ட் பிறந்த சால்ஸ்பேர்க்கிலேயே குடியேறினார்கள். மனைவியின் முதல் கணவருடைய வாழ்க்கை வரலாற்றை எழுதுவதிலேயே நிஸ்ஸன் தம் கடைசி ஆண்டுகளைக் கழித்தார். பொறாமை கொள்ளக்கூடிய இடத்தில் இருந்த ஒருவர், அந்தப் பழைய கடிதங்களை ஒவ்வொன்றாகத் தேடிச் சேர்த்தார் என்பது எனக்கு இன்னமும் வியப்பாகவே இருக்கிறது.

நூல் முடியுமுன்னே, 1826இல் நிஸ்ஸனும் இறந்தார். இரண்டாம் முறை விதவையான கொன்ஸ்டன்ஸ், 1828இல் அதை அச்சேற்றினார்.

அதே 1826இல் தங்கை சோஃபியும் கணவரை இழந்திருந்தார். மொஸார்ட்டின் இறுதி இரவில் அருகிலிருந்து பார்த்தவர் அவர். அக்காவிடமே வந்து சேர்ந்தார். 1842இல் கொன்ஸ்டன்ஸ் 80 வயதில் மறையும்வரை, சகோதரிகள் இருவரும் சால்ஸ்பேர்க்கில் ஒன்றாகவே வாழ்ந்தார்கள்.