ஐயாவும் கோர்ட்டும்

மலருக்கு ஏதாவது எழுதுப்பா என்று சங்கச் செயலாளர் கேட்டபோது, இன்ஜினியருக்கு என்ன எழுத வரும் என்று நழுவத்தான் பார்த்தேன். ஆனால் அந்த வாரம் நான் வேலை பார்க்கும் இடத்தில் ஒன்று நடந்தது. ஓய்வுபெற்ற ஒரு தொழிலாளிக்குப் பாக்கியைக் கொடுக்கச் சொல்லி வந்த கோர்ட் உத்தரவு, பதினான்கு மாதம் மேசை மேசையாகத் தூங்கியது. நீதிமன்ற அவமதிப்பு மனு போட்டார் பாருங்கள், மூன்றே நாளில் செக் தயார்! தூங்கிய மேசைகளில் என்னுடையதும் ஒன்று.

அப்போது பொன்மலை ஒர்க்‌ஷாப்பில் வேலை பார்த்த என் தாத்தாவின் ஞாபகம் வந்தது. கோர்ட் என்ற பேச்சு வந்தாலே அவர் ஈ.வெ.ரா. பெரியாரிடம் போய்விடுவார்.

1879-ல் ஈரோட்டில் வியாபாரக் குடும்பத்தில் பிறந்த பெரியார், ஊரில் கௌரவ மாஜிஸ்திரேட்டாக இருந்தவர். தீர்ப்புச் சொல்லும் நாற்காலி அவருக்குப் புதிதல்ல. பிறகு காங்கிரஸில் சேர்ந்தார். ஒத்துழையாமைக் காலத்தில் காந்தி கோர்ட்டைப் புறக்கணிக்கச் சொன்னார். அப்போது பெரியாருக்குப் பத்திரங்களின் பேரில் வரவேண்டிய பணம் ஐம்பதாயிரம் ரூபாய். வழக்குப் போட்டால்தான் வசூலாகும். பத்திரங்களைத் தன் பேருக்கு மாற்றிக் கொடுத்தால் தானே வழக்காடி வசூலித்துத் தருவதாகச் சேலம் விஜயராகவாச்சாரியார் சொன்னார். நானே போவதும் இதுவும் ஒன்றுதானே என்று மறுத்துவிட்டாராம். அந்தக் காலத்து ஐம்பதாயிரம், கணக்குப் போட்டுப் பாருங்கள்!

திருச்சிக்கு வருவோம். 1956-ல் திருச்சி கலெக்டர் மலையப்பனைச் சென்னை உயர் நீதிமன்றம் ஒரு தீர்ப்பில் கடுமையாகக் கண்டித்தது. அந்தத் தீர்ப்பை எதிர்த்து ஐயா திருச்சியில் கூட்டம் போட்டுப் பேசினார். அவமதிப்பு வழக்கு வந்தது. 1957 ஏப்ரலில், 77 வயதில், நீதிபதிகள் முன் நின்றார். பேசவில்லை என்று மறுக்கவில்லை, மன்னிப்பும் கேட்கவில்லை. ஏன் பேசினேன் என்று நீளமாக எழுதிவந்த அறிக்கையைப் படித்தார். அபராதம் விதித்தார்கள். அறிக்கை பிறகு 'நீதி கெட்டது யாரால்?' என்று புத்தகமாக வந்தது. நீதிபதிகளை சாதியை வைத்து எடைபோடும் இடங்களில் எனக்கு உடன்பாடில்லை. தாத்தாவிடமும் இதற்காகச் சண்டை போட்டிருக்கிறேன்.

இன்றைய 1971-ம் வருஷச் சட்டத்தில் நியாயமான விமர்சனத்துக்கு இடமுண்டு. பொதுநன்மைக்காகச் சொன்ன உண்மையை எதிர்வாதமாக ஏற்கலாம் என்ற திருத்தம் 2006-ல்தான் வந்தது. அன்று இந்த வசதியெல்லாம் கிடையாது.

அதே வருஷம் நவம்பரில் சட்ட எரிப்புப் போராட்டம். டிசம்பரில் திருச்சி செஷன்ஸ் கோர்ட்டில் ஆறு மாதத் தண்டனை. அப்போதும் எதிர்வழக்காடாமல் ஜெயிலுக்குப் போனார். கோர்ட்டை இத்தனை திட்டிய மனுஷன், கோர்ட் கொடுத்த தண்டனையை ஒருநாள்கூட ஒத்திப்போடப் பார்க்கவில்லை என்பார் தாத்தா. நாங்களோ கோர்ட்டை ஒரு வார்த்தை திட்டியதில்லை. 'கனம் நீதிமன்றம்' என்று கோப்பில் மரியாதையாக எழுதிவிட்டு, அதைப் பதினான்கு மாதம் அலமாரியில் வைத்திருந்தோம்.

செக் வாங்க அந்தப் பெரியவர் மகளோடு வந்தார். என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு, தொகையை இரண்டு தரம் படித்துவிட்டு, ரசீதில் கையெழுத்துப் போட்டார்.