காந்திஜியின் படச்சுருள்களைத் தேடி உலகம் சுற்றிய தமிழர்

புதுதில்லி: ஒவ்வோர் ஆண்டும் அக்டோபர் 2-ம் தேதி தலைநகரில் மகாத்மா காந்தியின் பழைய திரைக்காட்சிகள் காட்டப்படுகின்றன. அத்தகைய காட்சிகளை உலகெங்கும் தேடித் திரட்டி முழுநீள ஆவணப்படமாக முதலில் உருவாக்கியவர் ஒரு தமிழர். அவர், செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911-ம் ஆண்டு பிறந்த ஏ.கே. செட்டியார்.

ரங்கூனில் "தனவணிகன்" இதழின் ஆசிரியராகப் பணியாற்றிய அவர், பின்னர் டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றார். 1937 அக்டோபர் 2-ம் தேதி, நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்குக் கப்பலில் சென்றுகொண்டிருந்தபோது, காந்திஜியைப் பற்றிப் படமெடுக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. அப்போது அவருக்கு வயது 25.

காந்திஜி தொடர்பான காட்சிகளைப் பல நாட்டு ஒளிப்பதிவாளர்கள் அதற்கு முன்பே எடுத்திருந்தனர். ஆனால் அவை செய்திப்பட நிறுவனங்களின் கிடங்குகளிலும் தனியார் வசமும் சிதறிக் கிடந்தன. எது எங்கே உள்ளது என்பதற்குப் பட்டியல் ஏதும் கிடையாது. ஐரோப்பா, அமெரிக்கா, தென்னாப்பிரிக்கா எனப் பயணம் செய்து, விசாரித்து, பிரதிகளை வாங்கினார் செட்டியார். 1912-ல் கோகலே தென்னாப்பிரிக்கா சென்றபோது எடுக்கப்பட்ட காட்சியும் அவருக்குக் கிடைத்தது. கிடைக்காதவற்றுக்கு ஈடாக, பி.வி. பதி போன்ற ஒளிப்பதிவாளர்களைக் கொண்டு புதிதாகப் படம்பிடித்தார்.

திரட்டிய சுமார் 50 ஆயிரம் அடிப் படச்சுருளிலிருந்து 12 ஆயிரம் அடி தேர்ந்தெடுக்கப்பட்டது. இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த வேளையில், ஆங்கிலேயர் ஆட்சியிலேயே, 1940 ஆகஸ்டில் "மகாத்மா காந்தி" படம் சென்னையில் தமிழ் விளக்கவுரையுடன் வெளியானது. பின்னர் தெலுங்கிலும் வந்தது. நாடு விடுதலை பெற்ற 1947-ல் இந்தி விளக்கவுரையுடன் தில்லியில் திரையிடப்பட்டது. ஆங்கிலப் பதிப்பு 1953-ல் அமெரிக்காவில் வெளியிடப்பட்டது.

படத்தின் மூலம் பெயரோ பதவியோ தேடிக்கொள்ள அவர் முயலவில்லை. 1943-ல் "குமரி மலர்" இதழைத் தொடங்கி, மறக்கப்பட்ட பழைய எழுத்துகளைத் தேடி மறுபதிப்பு செய்தார். படச்சுருளில் செய்த அதே பணியை அச்சிலும் தொடர்ந்த அவர், 1983-ல் காலமானார்.

பிறர் எடுத்த காட்சிகளை அழியாமல் காத்தவரின் சொந்தப் படத்துக்கு அந்தப் பாதுகாப்பு கிடைக்கவில்லை. புணேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1964-ல்தான் தொடங்கப்பட்டது. அதற்குள் 24 ஆண்டுகள் கடந்துவிட்டன. தமிழ் மூலப்படம் முழுமையாகக் கிடைக்கவில்லை. வரலாற்று ஆய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதியின் தொடர் தேடலால், சுருக்கப்பட்ட ஆங்கிலப் பதிப்பு மட்டும் அமெரிக்காவில் கண்டெடுக்கப்பட்டது.

தேசத் தந்தையின் படச்சுருள்களைத் தேடி ஒரு தனிமனிதர் கடல் கடந்து சென்றார். அவர் உருவாக்கிய படத்தைத் தேடி அடுத்த தலைமுறையும் கடல் கடக்க நேர்ந்தது. ஆவணங்களைக் காப்பது அரசின் பொறுப்பு என்பதை உணர்த்த இதைவிட வேறு சான்று தேவையில்லை.