ஆயிரங்குரல் படைத்த மெல் பிளாங்க்

பக்ஸ் பன்னி என்னும் குறும்பு முயலைத் திரையில் கண்டு சிரியாதார் அரியர். 1948-ஆம் ஆண்டு வெளிவந்த கார்ட்டூன் படமொன்றில், அம்முயல் நிலத்தைக் குடைந்துகொண்டு வழிதவறி ஸ்காட்லாந்தில் தலைநீட்டுகின்றது. அங்கே ஒருவர், அந்நாட்டு வழக்கப்படி பாவாடை போன்றதோர் உடை உடுத்தி, பேக்பைப் என்னும் பைக்குழலை ஊதிக்கொண்டிருக்கின்றார். முயலோ, யாரோ ஒரு மூதாட்டியைப் பூதம் பற்றிக்கொண்டதென எண்ணிப் பாய்ந்து அக்குழலை நொறுக்கிவிடுகின்றது! இந்த ஆள்மயக்கத்தால் விளைந்த பூசல் கோல்ப் பந்தயமாக மூள்கின்றது. முயல் செய்யும் தில்லுமுல்லுகள் வயிற்றைப் புண்ணாக்கும்.

ஒருவரையொருவர் ஏசிக்கொள்ளும் அவ்விருவரின் குரல்களும் ஒரே தொண்டையிலிருந்து எழுந்தவை என்றால் நம்புவீர்களா? அத்தொண்டைக்கு உரியவரே மெல் பிளாங்க்.

அன்னார் 1908 மே 30-இல் அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோ நகரில் பிறந்து, போர்ட்லண்ட் நகரில் வளர்ந்தவர். வகுப்பில் பலகுரல் எழுப்பிச் சேட்டை செய்வார். அவருடைய குடும்பப் பெயருக்கு ஆங்கிலத்தில் வெறுமை என்று பொருள். பெயரைப் போலவே நீயும் வெறுமையாகத்தான் போவாய் என ஆசிரியர் ஒருவர் கடிந்துகொண்டாராம். அச்சொல் சுடவே, பதினாறு வயதில் பெயரின் கடைசி எழுத்தை மாற்றிக்கொண்டார். இதை எழுதும்போது என் நெஞ்சு குறுகுகின்றது. முப்பதாண்டுப் பணியில் சினம் மிகுந்து நான் எந்தப் பிள்ளையிடம் என்ன சொன்னேனோ!

வானொலியில் பணியாற்றிய பின்னர், கார்ட்டூன் நிறுவனமொன்றின் கதவைப் பலமுறை தட்டித்தான் உள்ளே நுழைந்தார். முயல், வாத்து, திக்குவாய்ப் பன்றி, பூனை என எண்ணற்ற பாத்திரங்கள் அவர் குரலால் உயிர்பெற்றன.

1961 சனவரி 24-ஆம் நாள் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் நிகழ்ந்த கார் விபத்தில் மண்டையோடும் கால்களும் முறிந்தன. ஏறத்தாழ இரு வாரம் நினைவின்றிக் கிடந்தார். பெயர் சொல்லி அழைத்தும் பயனில்லை. இறுதியில் மருத்துவர் ஒருவர், பக்ஸ் பன்னியிடம் நலம் விசாரிப்பதுபோல் கேட்டார். உடனே அவர் வாயிலிருந்து முயலின் குரலில் மறுமொழி வந்தது! தம்மையே மறந்திருந்தவர் முயலை மறக்கவில்லை. பின்னர் உடல் முழுதும் மாவுக்கட்டுடன் படுக்கையில் இருந்தவாறே கார்ட்டூன் தொடருக்குக் குரல் கொடுத்தார்.

1989 சூலை 10-இல் தமது 81-ஆம் வயதில் இயற்கை எய்தினார். படம் முடியும்போது திக்குவாய்ப் பன்றி திக்கித் திக்கி விடைபெறும் அச்சொற்களையே, அவர் விருப்பப்படி, கல்லறையில் பொறித்திருக்கின்றனர்.